ஈயச் சோப்பு

அன்றைக்குச் சாயங்காலம் தையல்காரி தன் புருஷனை வீட்டுக்குள் விடவில்லை. கதவை ஒருக்களித்து வைத்துக்கொண்டு, ஒரு காலை நிலைப்படியில் ஊன்றி, இடுப்பில் கை வைத்து நின்றாள். ஷிப்டு முடிந்து டிபன் தூக்கை ஆட்டிக்கொண்டு வந்த கலவைக்காரன், எதிரே நின்ற முகத்தைப் பார்த்ததும் ஆட்டுவதை நிறுத்தினான்.

"குட்டிக்கு எப்படி இருக்கு? டாக்டர் என்ன சொன்னாங்க?"

"அங்கேயே நில்லு. படி ஏறாதே."

கல்யாணமான நாளிலிருந்து அவள் அவனை ஒருமையில் பேசியதில்லை. கோபம் தலைக்கேறினாலும் 'போய்த் தொலைங்களேன்' என்று மரியாதையோடுதான் திட்டுவாள். அந்த 'நில்லு' அவனைவிடத் தெருவுக்குத்தான் முதலில் உறைத்தது. குழாயடியில் வாளி நிரம்பி வழிவதைக்கூடக் கவனிக்காமல் லாரிக்காரன் பொண்டாட்டி கழுத்தை நீட்டினாள். எதிர்வீட்டு ஜன்னலில் இரண்டு முகம் முளைத்தது.

"அவ ரத்தத்துல ஈயம் இருக்காம். பாட்டரிக்குள்ள இருக்குமே, அந்த ஈயம். வயித்துவலி, வாந்தி, முகம் வெளுத்துப்போனது எல்லாம் அதனாலதானாம். பேசிக்கிட்டிருந்த பேச்சை மறந்துச்சே, அதுவும் அதனாலதான். வீட்டுல யாரு ஈயத்துல வேலை பாக்கிறாங்கன்னு டாக்டரம்மா கேட்டாங்க. நான் என்னத்தைச் சொல்லட்டும்? எங்க வீட்டுக்காரரு பைப் கம்பெனியில அதை மூட்டை மூட்டையாக் கொட்டிக் கலக்குறவருன்னு சொன்னேன். ஒரு பார்வை பார்த்தாங்க பாரு, அங்கேயே நாக்கைப் பிடுங்கிக்கிட்டுச் செத்துடலாம் போல இருந்துச்சு."

கலவைக்காரன் தூக்கைக் கீழே வைத்தான். "நான் என்ன, மடியில கட்டிக் கொண்டாந்து ஊட்டுனேனா?"

"ஊட்டினாத்தானா? தூக்கி வெச்சுக் கொஞ்சலையா? அந்தக் கையாலதானே சோறு பிசைஞ்சு குடுத்தே?"

குட்டிக்கு இரண்டரை வயசு. ஒண்ணே ஒண்ணு, கண்ணே கண்ணு என்று வளர்த்த பிள்ளை. ஒன்றரை வயசிலேயே 'தண்ணி', 'தூக்கு', 'போ' என்று அதிகாரம் பண்ணிக்கொண்டிருந்தது. பிறகு ஒவ்வொரு வார்த்தையாக விட்டுவிட்டது. சாப்பாட்டைக் கண்டால் உதட்டை மூடிக்கொள்ளும். வயிற்றைப் பிடித்துக்கொண்டு சுருண்டு படுக்கும். பல் முளைக்கிற கோளாறு என்றார்கள், பூச்சி என்றார்கள், பூச்சி மருந்தும் கொடுத்துப் பார்த்தாயிற்று. இந்த லாரிக்காரன் பொண்டாட்டிதான் ஒரு நாள் குழாயடியில் வைத்து, "ஏன் உன் பொண்ணு கூப்பிட்டா திரும்பிக்கூடப் பாக்க மாட்டேங்குது? மந்தமா என்ன?" என்று நாலு பேர் முன்னால் கேட்டாள். கேட்டவள் வாயில் கொள்ளியை வைக்க வேண்டும் போல இருந்தது தையல்காரிக்கு. அன்றோடு இரண்டு பேருக்கும் பேச்சு வார்த்தை இல்லை. ஆனால் அவள் கேட்டது உண்மைதான் என்பது மனசுக்குத் தெரிந்திருந்தது. அதனால்தான் அவ்வளவு ஆத்திரம்.

"உனக்கு என்ன தெரியும் அதைப் பத்தி?" என்றான் கலவைக்காரன். அவனுக்கும் குரல் ஏறிவிட்டது. "ஈயச் சோப்புன்னு பேருதான் சோப்பு. நுரை வராது, தண்ணியில கரையாது. முகப் பவுடரைவிட நைஸா இருக்கும், தொட்டா வழவழன்னு விரல்ல ஒட்டிக்கும். அது ஒரு கை கம்மியாப் போனா பைப்பு மெஷினுக்குள்ளேயே கருகி நாறிடும். ஒரு கை ஜாஸ்தியாப் போனா அச்சுல நிக்காம வழுக்கிக்கிட்டு ஓடும். கலவை ரூம்ல எனக்கு இருக்கிற கைப்பக்குவம் எவனுக்கும் கிடையாது, தெரிஞ்சுக்க. விஷம்னு எனக்குத் தெரியாதா? அதுக்குத்தான் முகமூடி, அதுக்குத்தான் தனி உடுப்பு. கம்பெனியிலேயே தலைக்குக் குளிச்சு, நகத்தை பிரஷ் போட்டுத் தேய்ச்சு, வேற சட்டை மாட்டிக்கிட்டுத்தான் கேட்டைத் தாண்டுறேன். உடுப்பையும் அங்கேயே துவைக்கிறாங்க. எங்களுக்கும் ரத்தம் எடுத்துப் பாக்கிறாங்க. என் ரத்தம் சரியா இருக்குன்னு போன தடவைகூடச் சொன்னாங்க. வேலை செய்யிற எனக்கு வராதது வீட்டுல இருக்கிற பிள்ளைக்கு எப்படிடி வரும்?"

"அது எனக்கு எப்படித் தெரியும்? கையை நீட்டு."

நீட்டினான். அவள் ரவிக்கையில் குத்தியிருந்த ஊக்கைப் பிடுங்கி, அவன் கட்டைவிரல் நகத்தடியில் விட்டுச் சுரண்டினாள். வலித்திருக்கும், அவன் கையை இழுக்கவில்லை. ஊக்கு முனையை வெளிச்சத்துக்குத் தூக்கிப் பார்த்தாள். ஒன்றும் இல்லை. அடுத்த விரலையும் சுரண்டினாள், அதிலும் இல்லை. ஒன்றும் இல்லாதது அவளுக்கு இன்னும் எரிச்சலைத்தான் கிளப்பியது.

"கண்ணுக்குத் தெரியாத அளவே போதுமாம்," என்றாள். "எங்கேயிருந்து வருதுன்னு கண்டுபிடிக்கிற வரைக்கும் குட்டியை வீட்டுக்கு அனுப்ப மாட்டாங்களாம். அதுவரைக்கும் நீ அவ பக்கத்துலயே வரக்கூடாது. இது டாக்டரம்மா சொன்னது. நான் சொல்றது, என் பக்கத்துலயும் வராதே."

வார்டில் பக்கத்துக் கட்டில்காரியிடம் பிள்ளையை ஒப்படைத்துவிட்டுத் துணிமணி எடுக்க வந்தவள் அவள். அவனை வாசலிலேயே நிற்க வைத்துவிட்டு உள்ளே போனாள். குட்டியின் சட்டை, பால் புட்டி, துண்டு, படுக்கை விரிப்பு, சின்னத் தலையணை எல்லாவற்றையும் ஒரு கூடையில் அமுக்கிக்கொண்டு வெளியே வந்தாள். அவனைத் தொடாமல் சுவரோடு ஒட்டி நடந்தாள். குழாயடியைக் கடக்கும்போது லாரிக்காரன் பொண்டாட்டி இடுப்புப் பிள்ளையை மாற்றி வைத்துக்கொண்டு, யாரிடமோ சொல்கிற மாதிரி, "கட்டினவனையே இந்தப் பேச்சுப் பேசினா மத்தவங்க எந்த மூலைக்கு," என்றாள்.

"உன் வீட்டு வாளி வழியுது, அதைப் பாரு," என்றாள் தையல்காரி.

அவள் ஆஸ்பத்திரிக்குத் திரும்பியதும் மழை பிடித்துக்கொண்டது. ஜன்னல் கம்பியெல்லாம் வேர்த்து, காயப் போட்ட துணி காயாமல் வார்டு பூராவும் ஈர வாடை. குட்டிக்கு வேளைக்கு ஒரு ஊசி. உடம்பிலிருக்கிற ஈயத்தைப் பிடித்துச் சிறுநீரோடு வெளியே தள்ளுகிற மருந்து என்றார்கள். தொடையில் குத்தும்போது அது போடுகிற சத்தத்தில் அடுத்த வார்டுப் பிள்ளைகளும் அழ ஆரம்பித்துவிடும். மருந்து இறங்க இறங்க மூத்திரமாய்ப் போய்க்கொண்டே இருந்தது. ஆஸ்பத்திரி மெத்தையில் ஒரு சிவப்பு ரப்பர் ஷீட் போட்டிருந்தார்கள். அதில் படுத்தால் குட்டிக்கு முதுகு வெந்து பொரிப்பொரியாய்க் கிளம்பிவிட்டது. தையல்காரி அதை உருவிக் கட்டிலுக்கு அடியில் தள்ளிவிட்டு, வீட்டிலிருந்து கொண்டுவந்த விரிப்பைப் போட்டாள். அதன் மூலையை வாயில் வைத்துக்கொண்ட பிறகுதான் குட்டி கண்ணை மூடியது.

கலவைக்காரன் தினமும் வேலைக்குப் போகிற வழியில் கேட்டுக்கு வெளியே வந்து நிற்பான். தானே பொங்கிய சோறும் பருப்பும், அவித்த முட்டையும் தூக்கில் இருக்கும். அவன் வாழ்க்கையிலேயே அடுப்புப் பற்ற வைத்தது அப்போதுதான். வார்டு ஆயா போய் வாங்கிக்கொண்டு வருவாள். தையல்காரி தூக்கில் என்ன இருக்கிறது என்றுகூடப் பார்க்காமல் கழுவுதொட்டியில் கொட்டிவிட்டு, ஆஸ்பத்திரி ரொட்டியைப் பாலில் நனைத்துத் தின்பாள்.

ஆயாவுக்கு மனசு கேட்கவில்லை. "எம்மா, சோத்து மேல என்னம்மா கோபம்? அந்த மனுஷன் மழையில நனைஞ்சுக்கிட்டு நிக்குது. வீட்டுத் தரையெல்லாம் சோடா போட்டு மூணு தரம் கழுவிட்டேன்னு சொல்லச் சொல்லுச்சு. சுவருகூடத் துடைச்சிடுச்சாம்."

"சுவரைத் துடைச்சவரு கம்பெனியை விடுறேன்னு சொன்னாரா?"

"அதைச் சொல்லலை."

"அப்போ போய் அவரை நல்லா நனையச் சொல்லுங்க."

இரண்டாவது தடவை ரத்தம் எடுத்து, முடிவு வந்த அன்றைக்குக் காலை டாக்டரம்மா கட்டிலுக்கு வந்த வேகமே சரியில்லை. பொதுவாகவே அந்த அம்மாளுக்குச் சிரிப்பு வராது. அன்றைக்கு நின்றபடியே பிடித்துக்கொண்டார்.

"குறையணும். கூடியிருக்கு. எப்படிம்மா கூடும்? இத்தனை ஊசி போட்டு, இந்தச் சின்ன உடம்பை இவ்வளவு வருத்தி, கடைசியில கூடியிருக்கு. உங்க வீட்டுக்காரர் வந்துட்டுப் போறாரா?"

"இல்லைங்க டாக்டர். கேட்டுக்கு வெளியதான்..."

"என்கிட்ட மறைக்காதீங்க. வீட்டுல இல்ல, இங்க இருக்கும்போது ஏறியிருக்கு. யாரோ கொண்டாந்து குடுக்கிறீங்க. உங்களுக்குப் பிள்ளை மேல அக்கறை இருக்கா இல்லையா?"

வார்டே பார்த்துக்கொண்டிருந்தது. தையல்காரிக்குக் காது இரண்டும் சுட்டது. மருந்து இறங்கும்போது தான் கண்ணயர்கிற நேரம் பார்த்து அவன் வந்து போகிறானோ? வந்துதான் இருப்பான், இந்த ஆயாவைக் கைக்குள் போட்டுக்கொண்டிருப்பான். பிள்ளையைத் தொடாமல் அவனால் இருக்க முடியாது என்று அவளுக்குத் தெரியாதா? விறுவிறுவென்று படி இறங்கிப் போனாள். கேட்டில் தூக்கோடு நின்றவனின் சட்டையைக் கொத்தாகப் பிடித்தாள்.

"எப்ப வந்து தொட்டே? உண்மையைச் சொல்லு."

"யாரை?"

"கூடியிருக்காம்! நீதான் வந்திருக்கே. ஆசை தாங்காம வந்து தூக்கியிருக்கே."

காவல்காரர் குடையை மடக்கிவிட்டு வேடிக்கை பார்த்தார். கலவைக்காரன் சட்டையை விடுவித்துக்கொள்ளக்கூட முயற்சி பண்ணவில்லை. "என் பொண்ணு முகத்தைப் பார்த்தே எத்தனை நாளாச்சு தெரியுமா உனக்கு?" என்றான். "நீ சொன்னேன்னு, நாய் மாதிரி கேட்டுல நிக்கிறேன். வராதேன்னதும் வரலை. அது தப்பாப் போச்சு. வந்திருக்கணும். வந்திருந்தா, என்னதான் நடக்குதுன்னு நானாவது பாத்திருப்பேன்."

அவன் பொய் சொன்னால் மூக்குச் சுருங்கும். சுருங்கவில்லை. தையல்காரி சட்டையை விட்டுவிட்டுத் திரும்பி வந்தாள். வருகிற வழியெல்லாம் ஒரே கேள்விதான். அவன் இல்லையென்றால் வேறு யார்?

மேலே குட்டி படுக்கையை நனைத்திருந்தது. ஆயா பிள்ளையைத் தூக்கிப் பக்கத்துக் கட்டிலில் உட்கார வைத்துவிட்டு, விரிப்பை மடிக்காமல் அப்படியே இரண்டு கையிலும் ஏந்திக்கொண்டு நின்றாள். அவள் முகத்தில் ஒரே ஆச்சரியம்.

"என்னம்மா துணி இது? ஒரு சொட்டுகூட இறங்கலையே. மெத்தை காஞ்சு கிடக்கு." விரிப்பை ஒரு கைக்கு மாற்றி, பக்கத்திலிருந்த குவளைத் தண்ணீரை எடுத்து அதன் மேல் ஊற்றினாள். தண்ணீர் முத்து முத்தாய்த் திரண்டு, துணியைத் தொடாத மாதிரி இங்கேயும் அங்கேயும் உருண்டு, ஓரத்தில் சொட்டியது. "அட, கெட்டிக்காரி! எங்க வாங்குனே?"

மனசு எவ்வளவு ரணமாய் இருந்தாலும் தன் கைவேலையை ஒருத்தர் மெச்சினால் வாய் தானாகத் திறந்துகொள்கிறது. "வாங்கலை, நானே தைச்சது," என்றாள் தையல்காரி. "எத்தனை தரம் துவைச்சாலும் தண்ணி ஒட்டாது. ரப்பர் மாதிரி சுடவும் சுடாது, பருத்திதான். எங்க தெருவுல கைப்பிள்ளை இருக்கிற வீட்டுலயெல்லாம் என் துணிதான்."

மூன்றாவது கட்டிலில் ஒரு பிள்ளையின் நெஞ்சைச் சோதித்துக்கொண்டிருந்த டாக்டரம்மா காதிலிருந்து குழாயை எடுத்தார். மெதுவாக நடந்து வந்தார்.

"அது என்ன துணி?"

"பருத்தி டாக்டர். கெட்டித் துணி."

"பருத்தியில தண்ணி ஒட்டுமே. இதுல ஏன் ஒட்டலை?"

"அது... கம்பெனியில மூட்டைக்கு உள்ள போட்டு வர்ற பை. அதைப் பிரிச்சு..."

"எந்த மூட்டைக்கு உள்ள?"

"ஈயச் சோப்பு..." என்று சொன்ன தையல்காரி விரிப்பைப் பார்த்தாள். குட்டி, பக்கத்துக் கட்டிலில் உட்கார்ந்துகொண்டு, தன் விரிப்புக்காகக் கையை நீட்டியது.

டாக்டரம்மா கையுறை மாட்டிக்கொண்டு விரிப்பைத் தூக்கி வெளிச்சத்தில் பிடித்தார். ஒரு மூலை கசங்கி, சப்பிச் சப்பி நைந்துபோய்க் கிடந்தது. கோபப்பட்ட ஆளுக்கு இப்போது கோபம் போன இடம் தெரியவில்லை; அது இன்னும் பயமாக இருந்தது.

"தண்ணி ஒட்டலைன்னா அந்தச் சோப்பு இன்னும் இந்த நூலுக்குள்ளதான்மா இருக்கு. நீங்க துவைச்சதுல மேல இருந்த தூசிதான் போயிருக்கும். அது தண்ணியில கரையாது. ஆனா வயித்துக்குள்ள போனா அங்க இருக்கிற புளிப்புல கரையும். ஈயம் தனியாப் பிரிஞ்சு ரத்தத்துல ஏறிடும். பொறந்ததுல இருந்தே இதுலதான் படுக்குதா?"

"தவழ ஆரம்பிச்சதுல இருந்து."

"வேற யார் வீட்டுல எல்லாம் இருக்கு?"

அந்தத் துணி வந்த கதை சின்னக் கதைதான். போன வருஷத்துக்கு முந்தின மழைக்காலம். குட்டி படுக்கையை நனைக்கும், துவைத்துப் போட்டால் எதுவும் காயாது. மெத்தையெல்லாம் நாறிப்போன நேரத்தில், கலவைக்காரன் காலிப் பைகளைச் சுருட்டிக் கைலிக்குள் வைத்து எடுத்துவந்தான். கம்பெனியில் அதையெல்லாம் சேர்த்து எங்கேயோ அனுப்பிவிடுவார்கள். நல்ல துணி வீணாகப் போகிறதே என்று அவனுக்கு வயிற்றெரிச்சல். "நல்லா அலசிட்டு எதுக்காவது வெச்சுக்கோ. சோப்புதானே, அலசினாப் போயிடும்," என்றான். அலசினாள். நாலு தண்ணீர் விட்டு அலசினாள். துணி நனையவே இல்லை. சாயம் முக்கிப் பார்த்தாள், சாயமும் ஒட்டவில்லை. வேறு ஒருத்தியாக இருந்தால் தூக்கிப் போட்டிருப்பாள். அவள் தையல்காரி. தண்ணீர் ஒட்டாத துணி என்றால் என்னவெல்லாம் பண்ணலாம் என்று அவள் மூளை பரபரத்தது. ஓரம் மடித்து, மூலையில் பச்சை நூலால் ஒரு கிளி போட்டு, பிள்ளைக்கு விரித்தாள். பார்த்தவர்களெல்லாம் கேட்டார்கள். அவன் இன்னும் பை கொண்டுவந்தான், அவள் இன்னும் தைத்தாள். தெருவில் யார் வீட்டில் பிள்ளை பிறந்தாலும் தையல்காரியிடமிருந்து கிளி போட்ட விரிப்பு போய்விடும். லாரிக்காரன் பொண்டாட்டிக்கும் போயிருந்தது. அவள் பிள்ளை பெற்று வந்தபோது இருவரும் அக்கா தங்கையாய்ப் பழகிக்கொண்டிருந்தார்கள். மற்ற விரிப்புக்கு ஒரு கிளி என்றால் அந்த விரிப்புக்கு இரண்டு கிளி.

டாக்டரம்மா ஒன்றே ஒன்று சொல்லி அனுப்பினார். "எல்லாத்தையும் வாங்கி, ஒரு பையில கட்டி இங்க கொண்டாங்க. எரிச்சுடாதீங்க, புகையிலயும் ஈயம் வரும். அந்தப் பிள்ளைங்களையும் வரச் சொல்லுங்க."

கேட்டில் கலவைக்காரன் இன்னும் நின்றுகொண்டிருந்தான். அவள் சொன்னாள். எப்படிச் சொன்னாள் என்று அவளுக்கே ஞாபகமில்லை. கேட்டவன் நடைபாதையிலேயே குத்துக்காலிட்டு உட்கார்ந்துவிட்டான். பிறகு ஒரு மாதிரி சிரித்தான். அவள் அவனிடம் அதற்கு முன் அப்படியொரு சிரிப்பைப் பார்த்ததில்லை.

"தெருவே பாக்க என் நகத்தைச் சுரண்டுனியே."

"கொண்டாந்தது யாரு?"

"விரிச்சது யாரு?"

"அலசினாப் போயிடும்னு சொன்ன வாய் யாரு வாய்? கைப்பக்குவமாம் கைப்பக்குவம்! தண்ணியில கரையாததை அலசச் சொன்ன மேதாவி!"

"தண்ணியில நனையாத துணியைப் பாத்ததும் உனக்கு ஏன்டி சந்தேகம் வரலை? மூட்டைக்கணக்காத் தைச்சியே, பேரு வாங்குறதுக்கு!"

அதற்கு மேல் இரண்டு பேரிடமும் இருந்ததெல்லாம் ஒருவரையொருவர் கடித்துக் குதறுகிற ஆத்திரம்தான். காவல்காரர் வந்து, "ஆஸ்பத்திரி வாசல்ல என்னய்யா இது," என்று விரட்டினார். வீட்டுக்கு நடக்கிற வழியில் கலவைக்காரன் குரலைத் தணித்துச் சொன்னான்.

"துணியை வாங்கு, வேண்டாங்கலை. ஆனா ஏன் எதுக்குன்னு வாயைத் திறக்காதே. பையைக் கேட்டுக்கு வெளிய கொண்டாந்தேன்னு தெரிஞ்சா அன்னிக்கே சீட்டைக் கிழிச்சிடுவான். ஃபோர்மன் வீடு நம்ம தெருவுலதான் இருக்கு. நானும் வீட்டுல உக்காந்தா குட்டிக்கு மருந்து எங்கிருந்து வரும்? யோசிச்சுக்கோ."

அவள் யோசித்தாள். அவன் சொன்னதும் நியாயமாகத்தான் பட்டது. அதனால் முதல் வீட்டில், "தையல் பிரியுதுன்னு ஒருத்தர் சொன்னாங்க, குடுங்க, கெட்டிப்படுத்தித் தரேன்," என்றாள். கொடுத்துவிட்டார்கள். அடுத்த வீட்டில், "புது மாடல் போட்டிருக்கேன், பழசைக் குடுத்தா மாத்தித் தரேன்," என்றாள். அங்கேயும் கொடுத்தார்கள், குட்டிக்கு எப்படி இருக்கு என்று அக்கறையாய்க் கேட்டு, ஒரு சீப்பு பழமும் கொடுத்தார்கள். பொய் இவ்வளவு சுலபமாக வருகிறதே என்று அவளுக்கே அருவருப்பாக இருந்தது. பிள்ளைகளை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிக்கொண்டு வாருங்கள் என்பதை மட்டும் எந்தப் பொய்க்குள்ளும் நுழைக்க முடியவில்லை. பிறகு சொல்லிக்கொள்ளலாம், பிறகு சொல்லிக்கொள்ளலாம் என்று கடைசி வீட்டுக்கு வந்துவிட்டாள்.

லாரிக்காரன் பொண்டாட்டி வாசலில் காய் நறுக்கிக்கொண்டிருந்தாள். பக்கத்தில் தரையில் விரிப்பு. அதன் மேல் கொழுகொழுவென்று எட்டு மாசப் பிள்ளை, குப்புறப் படுத்து, கிளி போட்ட மூலையை முளைக்கிற பல்லால் நறநறவென்று கடித்துக்கொண்டிருந்தது.

தையல்காரி கையிலிருந்த விரிப்புகளைக் கீழே போட்டாள். "அந்த விரிப்பைக் குடு," என்றாள். அவ்வளவுதான் வந்தது.

லாரிக்காரன் பொண்டாட்டி கத்தியைக் கீழே வைக்கவில்லை. "என்ன?"

"தையல் பிரிஞ்சிருக்கும். சரி பண்ணித் தரேன்."

"பிரியலை. பிரிஞ்சா எனக்கும் ஊசி பிடிக்கத் தெரியும்."

"வேற புதுசு தரேன். இதைக் குடு."

"குடுத்ததைத் திரும்பக் கேக்க வந்திருக்கியா? தெருவுல எல்லார்கிட்டயும் வாங்கிட்டு வரியோ? பேச்சு நின்னதும் துணியும் திரும்பணுமா? நல்ல புத்திடி உனக்கு. இல்ல, உன் பிள்ளை ஆஸ்பத்திரியில கிடக்கு, என் பிள்ளை நல்லா இருக்கேன்னு வயிறு எரியுதா?"

தையல்காரி குனிந்து விரிப்பின் ஒரு முனையைப் பிடித்து இழுத்தாள். பிள்ளை உருண்டு தரையில் விழுந்து வீரிட்டது. லாரிக்காரன் பொண்டாட்டி எழுந்த வேகத்தில் முறம் கவிழ்ந்து, காயெல்லாம் சிதறியது. ஓங்கி ஒரு அறை விட்டாள். தையல்காரி ஒரு முனையை விடவில்லை; அவள் மறுமுனையை விடவில்லை. குழாயடியில் இருந்தவர்கள் ஓடிவந்தார்கள். கலவைக்காரனும் ஓடிவந்து அவள் தோளைப் பிடித்து, பல்லைக் கடித்துக்கொண்டு, "வா, வீட்டுக்கு வா, பேசாம வா," என்றான். மூன்றாவது வீட்டு மாடியில் ஃபோர்மன் பனியனோடு வந்து எட்டிப் பார்த்தார்.

"விடுடி! பிள்ளையைத் தள்ளிவிட்ட ராட்சசி!"

"இன்னொரு அறைகூட அறை. துணியை மட்டும் விடு. அதுல விஷம் இருக்கு."

தோளைப் பிடித்திருந்த கை இறுகியது. அவள் அதை உதறினாள்.

"கம்பெனியில ஈயச் சோப்பு வர்ற பை இது. எத்தனை துவைச்சாலும் போகாது. இதைச் சப்பித்தான் என் குட்டிக்கு ரத்தத்துல ஈயம் ஏறுச்சு. இவரு கையில இல்ல, நகத்துல இல்ல, இந்தத் துணியிலதான் இருந்துச்சு. நான் தைச்ச துணி. என் பிள்ளைக்கு நான்தான் விரிச்சேன். உன் பிள்ளைக்கும் நான்தான் குடுத்தேன். இவங்க எல்லார் வீட்டுக்கும் நான்தான் குடுத்தேன். இப்ப பொய் சொல்லித் திருப்பி வாங்கிட்டுப் போறேன். எல்லாரும் பிள்ளைங்களைத் தூக்கிக்கிட்டு ஆஸ்பத்திரிக்கு வாங்க. இன்னிக்கே வாங்க."

லாரிக்காரன் பொண்டாட்டி துணியைக் கையிலிருந்து நழுவவிட்டாள். தரையில் கிடந்த பிள்ளையை வாரி எடுத்தாள். அதன் வாய்க்குள் விரலை விட்டு, ஈறெல்லாம் துழாவி, முந்தானையால் துடைத்தாள், திரும்பத் திரும்பத் துடைத்தாள், பிள்ளை ஓங்கரித்தபோதும் நிறுத்தவில்லை. மாடியில் ஃபோர்மன் உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். கலவைக்காரன் அந்தக் கதவையே பார்த்துக்கொண்டு நின்றான்.

மறுநாள் அவனைக் கம்பெனிக்குள் விடவில்லை. திருட்டுப் பட்டம் கட்டி அனுப்பினார்கள். அவன் நேரே வார்டுக்கு வந்தான். இப்போது வரலாம், யாரும் தடுக்கவில்லை. குட்டியின் கட்டிலில் உட்கார்ந்து, அதன் கால் விரல்களை ஒவ்வொன்றாகச் சொடுக்கி விளையாட்டுக் காட்டினான். பெண்டாட்டி பக்கம் அவன் திரும்பவில்லை. அவள் ரொட்டியை நீட்டினால் வாங்கிப் பிள்ளைக்குக் கொடுப்பான். அவள் கேள்வி கேட்டால் பிள்ளையிடம் பதில் சொல்வான். குட்டியின் ரத்தத்தில் ஈயம் இறங்க ஆரம்பித்திருந்தது. போன வார்த்தைகளெல்லாம் திரும்பி வருமா என்று கேட்டதற்கு டாக்டரம்மா, "எவ்வளவு வரும்னு இப்ப சொல்ல முடியாது," என்றார். பொய்க்காவது வரும் என்று சொல்லியிருக்கலாம். அந்த அம்மாளுக்குப் பொய் சொல்ல வராது.

தெருப் பிள்ளைகளுக்கெல்லாம் ரத்தம் எடுத்தார்கள். பெரும்பாலும் தப்பித்துக்கொண்டன, விரிப்பைச் சப்புகிற பழக்கம் இல்லாதவை. லாரிக்காரன் பொண்டாட்டியின் பிள்ளைக்கு மட்டும் வார்டில் இடம் போட்டார்கள். கிடைத்தது அடுத்த கட்டில்தான். அவள் நடுவில் ஒரு திரையை இழுத்துவிட்டுக்கொண்டு உட்கார்ந்தாள். தையல்காரி தண்ணீர்ச் செம்பை எடுத்தால்கூட திரைக்கு அந்தப் பக்கம் அசைவு நின்றுவிடும்.

ஊசி நேரம் வந்தது. நர்ஸ் தட்டோடு திரைக்குள் போனாள். பிள்ளை ஊசியைக் கண்டதும் துள்ள ஆரம்பித்துவிட்டது. "கெட்டியாப் பிடிங்கம்மா, காலை ஆட்டவிடாதீங்க. ஆட்டினா உள்ளேயே முறிஞ்சிடும்," என்று நர்ஸ் அதட்டினாள். ஆயா அந்த நேரம் பார்த்துக் கீழே போயிருந்தாள். பிள்ளையின் அலறல் வார்டைக் கிழித்தது.

திரை சரக்கென்று விலகியது. லாரிக்காரன் பொண்டாட்டியின் முகம் வீங்கிப்போயிருந்தது. பிள்ளையின் கால் அவள் பிடியிலிருந்து நழுவிக்கொண்டே இருந்தது.

"என்னால முடியலை," என்றாள். "நீ வா. நீதானே பண்ணினே. நீயே பிடி."

சொல்லிவிட்டுச் சுவர்ப் பக்கம் திரும்பி நின்று, இரண்டு காதையும் பொத்திக்கொண்டாள். கலவைக்காரன் முதல் தடவையாகத் தன் பெண்டாட்டியை நிமிர்ந்து பார்த்தான். தையல்காரி எழுந்து போனாள். கொழுகொழுவென்ற அந்த இரண்டு காலையும் சேர்த்து முட்டிக்கு மேலே அழுத்திப் பிடித்தாள். ஊசி இறங்கியபோது பிள்ளை அவள் முகத்தைப் பார்த்துத்தான் அழுதது.